வண்ணத் திரையின் வெள்ளோட்டம்

(பி.எஸ்ஸி. இயற்பியல், இரண்டாம் ஆண்டு மாணவி)

புதிதாகத் தேர் செய்தால் அதில் உடனே சுவாமியை எழுந்தருளச் செய்வதில்லை. முதலில் வெறுந்தேரை வீதிகளில் இழுத்து, அச்சு தாங்குகிறதா, சக்கரம் திரும்புகிறதா என்று பார்ப்பார்கள். அதற்கு வெள்ளோட்டம் என்று பெயர். திரைப்படத்திற்கு வண்ணம் வந்த வரலாற்றைப் படிக்கும்போது எனக்கு அந்தச் சொல்தான் மனத்தில் நின்றது.

வண்ணப்படம் என்றவுடன் நாம் பெரிய படங்களையே நினைக்கிறோம். ஆனால் வண்ணம் என்னும் தேர் முதலில் ஓடிப் பார்த்தது பெரிய படங்களில் அன்று. பத்து நிமிடமும் இருபது நிமிடமும் ஓடிய சின்னஞ்சிறு ஆடல் பாடல் படங்களில்தான் அது ஓடிப் பார்த்தது. பெரிய படத்திற்கு முன்னால் இடத்தை நிரப்பக் காட்டப்பட்டவை அவை. கொட்டகைக்குத் தாமதமாக வருபவர் 'போனால் போகிறது' என்று விட்டுவிடக்கூடிய படங்கள். அந்தப் படங்களிலேயே பொறியாளர்கள் தவறினார்கள், திருத்தினார்கள், வென்றார்கள். அது எவ்வாறு நடந்தது, ஏன் பாட்டுப் படங்களில் நடந்தது என்பதை நண்பர்களுடன் பகிர்ந்துகொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

மூன்று விளக்குகள்

திரைப்படம் பிறப்பதற்கு முன்பே வண்ணப்படத்தின் சூத்திரம் பிறந்துவிட்டது. மின்காந்தக் கொள்கையில் நாம் நாள்தோறும் பெயர் சொல்லும் ஜேம்ஸ் கிளார்க் மேக்ஸ்வெல்தான் அதைக் காட்டியவர். 1861-ஆம் ஆண்டு மே 17-ஆம் நாள், லண்டன் ராயல் இன்ஸ்டிட்யூஷனில் அவர் ஒரு சோதனை செய்தார். கட்டம் போட்ட ஸ்காட்லாந்து நாடா ஒன்றைத் தாமஸ் சட்டன் என்பவர் சிவப்பு, பச்சை, நீல வடிகட்டிகள் வழியாகத் தனித்தனியே படம் எடுத்திருந்தார். மூன்றும் கறுப்பு வெள்ளைப் படங்களே. மூன்று விளக்குகளைக் கொண்டு, அதே நிற வடிகட்டிகள் வழியாக, மூன்று படங்களையும் ஒரே திரையில் ஒன்றன்மேல் ஒன்றாக மேக்ஸ்வெல் விழச் செய்தார். நாடாவின் நிறங்கள் திரையில் தெரிந்தன.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. அக்காலப் படத்தகடுகள் சிவப்பு ஒளியை உணரக்கூடியவை அல்ல. அப்படியானால் சிவப்பு எப்படிப் பதிந்தது? சரியாக நூறாண்டு கழித்து, 1961-இல் கோடாக் நிறுவன ஆய்வாளர்கள் விடை கண்டார்கள். நாடாவின் சிவப்புச் சாயம் கண்ணுக்குத் தெரியாத புற ஊதாக் கதிரையும் எதிரொளித்தது. அந்தக் கதிர் வடிகட்டியைக் கடந்துவந்து தகட்டில் பதிந்தது. முடிவு சரியாக வந்ததற்குப் பாதிக் காரணம் நல்லூழ்!

ஆனால் சூத்திரம் பிழையற்றது. நிறத்தைப் பிரி, பிரித்ததைத் தனித்தனியே பதிவு செய், பதிந்ததை மீண்டும் ஒரே இடத்தில் பொருத்து. இம்மூன்றில் கடைசியாகச் சொன்ன பொருத்துதல்தான் அடுத்த எழுபது ஆண்டுகள் அறிஞர்களைப் பாடாய்ப் படுத்தியது. அசையாத நாடாவுக்கு அது எளிது. ஆடுகின்ற பெண்ணுக்கு?

தூரிகை பிடித்த கைகள்

அமெரிக்காவில் நியூ ஜெர்சி மாநிலத்தில் இருந்த எடிசனின் ஆய்வுக்கூடத்தில் 1890-களின் நடுவில் எடுக்கப்பட்ட இரண்டு துண்டுப் படங்களை நாம் இன்று கைபேசியிலேயே பார்க்கலாம். ஒன்றில் டிக்சன் என்னும் உதவியாளர் பெரிய குழல் ஒன்றின் முன் நின்று வயலின் வாசிக்கிறார். அருகில் இரண்டு ஆண்கள் ஆடுகிறார்கள். ஏறத்தாழ 17 நொடிகள்தாம். அந்த வயலின் ஒலி தனியே மெழுகு உருளையில் பதிவு செய்யப்பட்டது. படமும் ஒலியும் சேராமலே ஒரு நூற்றாண்டு கிடந்தன. உடைந்த உருளையைச் சீர்செய்து எடுத்த ஒலியை 2000-ஆம் ஆண்டில் வால்டர் மர்ச் என்னும் படத்தொகுப்பாளர் படத்தோடு பொருத்தினார். உலகின் முதல் இசைத் துண்டுப்படம் தன் இசையைப் பெற நூறாண்டுக்கு மேல் காத்திருக்க நேர்ந்தது.

மற்றொன்று அன்னபெல் என்ற நடனமணியின் ஆட்டம். அகன்ற பட்டாடையை இரு கைகளாலும் சுழற்றிச் சுழற்றி ஆடுவார். மேடையில் இவ்வகை ஆட்டத்தின் மேல் பல நிற விளக்குகளைப் பாய்ச்சுவது வழக்கம். கறுப்பு வெள்ளைச் சுருளில் அந்த அழகு எங்ஙனம் வரும்? எனவே சுருளின் மேலேயே தூரிகையால் சாயம் தீட்டினார்கள். ஆடை ஒரு கணம் மஞ்சளாகவும் மறுகணம் சிவப்பாகவும் மாறுகிறது.

இதைச் சொல்வது எளிது. செய்து பார்த்தால்தான் தெரியும். சுருளில் ஒரு படத்தின் அளவு சிறிய அஞ்சல் தலை அளவே. நொடிக்கு 16 படங்கள் என்று குறைவாகவே வைத்துக்கொண்டாலும், ஒரு நிமிடப் படத்திற்கு 960 படங்களைத் தீட்ட வேண்டும். ஒரு பிரதி விற்றுவிட்டால் அடுத்த பிரதிக்கு மீண்டும் முதலிலிருந்து 960.

பாரிஸ் நகரில் எலிசபெத் துய்லியே என்னும் அம்மையார் இதற்கென ஒரு பட்டறையே நடத்தினார். இருநூறுக்கும் மேற்பட்ட பெண்கள் அங்கு வேலை செய்தார்கள். ஒரு பெண்ணுக்கு ஒரு நிறம். அவள் தன் நிறத்தைத் தீட்டிவிட்டுச் சுருளை அடுத்தவளிடம் தள்ளுவாள். ஜார்ஜ் மெலியே எடுத்த புகழ்பெற்ற சந்திரப் பயணப் படத்தின் (1902) வண்ணப் பிரதிகள் இப்பட்டறையில் உருவானவை என்றே அறியப்படுகின்றன. அவற்றுள் ஒன்று பார்சிலோனா நகரில் 1993-இல் கிடைத்து, செப்பனிடப்பட்டு, 2011-இல் கான் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது. படத்தை எடுத்தவரின் பெயரை உலகமே அறியும். தூரிகை பிடித்த பெண்களின் பெயர்கள் எந்தச் சுருளிலும் இல்லை.

அதே பாரிஸில் 1902-ஆம் ஆண்டு முதல் கோமோன் நிறுவனத்திற்காக ஆலிஸ் கி என்ற பெண் இயக்குநர் நூற்றுக்கும் மேற்பட்ட பாட்டுப் படங்களை எடுத்தார். பாடகர் முதலில் இசைத்தட்டில் பாடிவிடுவார். பிறகு அந்தத் தட்டைச் சுழலவிட்டு, அதற்கேற்ப வாயசைத்து நடிப்பார். நம் திரையில் இன்றுவரை நடக்கும் முறை அதுவே அன்றோ! கொட்டகையில் தட்டும் சுருளும் ஒரே வேகத்தில் ஓட வேண்டும். அங்கும் சிக்கல் பொருத்துதலில்தான்.

சுழலும் சக்கரம்

தூரிகை தரும் நிறம் மனிதன் இட்ட நிறம். பொருளின் உண்மையான நிறம் அன்று. உண்மை நிறத்தைப் பிடிக்க முனைந்த முதல் வெற்றிகரமான முறை, இங்கிலாந்தில் ஜி. ஏ. ஸ்மித் உருவாக்கி, சார்லஸ் அர்பன் வாணிபம் செய்த கினமாகலர். 1909-இல் கட்டணம் செலுத்திய மக்கள் முன் அது வந்தது. காமிராவின் முன் சிவப்பு, பச்சை வடிகட்டிகள் வைத்த சக்கரம் சுழலும். ஒரு படம் சிவப்பு வழியாகவும் அடுத்த படம் பச்சை வழியாகவும் பதியும். நொடிக்கு 32 படங்கள். திரையிடும்போதும் அதே போன்ற சக்கரம் சுழலும். கண்ணில் பிம்பம் சற்று நேரம் தங்குவதால் இரண்டும் கலந்து தெரியும்.

நம் நாட்டிற்கும் இதில் பங்குண்டு. 1911-இல் தில்லியில் நடந்த முடிசூட்டு தர்பாரை இம்முறையில்தான் படம் பிடித்து 1912-இல் லண்டனில் காட்டினார்கள். மெதுவாக நடக்கும் யானை ஊர்வலத்திற்கு இம்முறை ஒத்துவந்தது. வேகமாக ஆடும் காலுக்கு ஒத்துவரவில்லை. ஏன்? சிவப்புப் படம் பதிந்து பச்சைப் படம் பதிவதற்குள் கால் இடம் மாறிவிடுகிறது. ஆகவே காலின் ஒருபுறம் சிவப்பு விளிம்பும் மறுபுறம் பச்சை விளிம்பும் துருத்திக்கொண்டு நிற்கும். காலத்தில் ஏற்பட்ட சிறு இடைவெளி திரையில் இடத்தின் விலகலாகத் தெரிந்தது. எல்லா நிறங்களையும் ஒரே கணத்தில் பிடிக்காவிட்டால் நடனத்திற்கு வண்ணமில்லை என்பது இதனால் உறுதியாயிற்று.

நீலம் இல்லாத நீலப் பாட்டு

1915-இல் ஹெர்பர்ட் கால்மஸ், டேனியல் காம்ஸ்டாக், பர்ட்டன் வெஸ்காட் ஆகியோர் அமெரிக்காவில் டெக்னிகலர் நிறுவனத்தைத் தொடங்கினார்கள். கால்மஸும் காம்ஸ்டாக்கும் படித்த எம்.ஐ.டி. கல்லூரியை 'டெக்' என்று அழைப்பது அக்கால மாணவர் வழக்கம். நிறுவனப் பெயரின் முன்பாதி அதுவே. இவர்கள் ஒளிக்கற்றையைக் காமிராவுக்குள்ளேயே இரண்டாகப் பிரித்து, சிவப்பையும் பச்சையையும் ஒரே கணத்தில் பதித்தார்கள். கால இடைவெளி ஒழிந்தது. ஆனால் 1917-இல் தங்கள் முதல் படத்தைத் திரையிட்டபோது வேறு தொல்லை வந்தது. இரண்டு பிம்பங்களையும் திரையில் பொருத்தக் கொட்டகையில் ஒருவர் ஓயாமல் கருவியைத் திருகிக்கொண்டே இருக்க வேண்டியிருந்தது. அந்த வேலைக்குப் பேராசிரியரும் கழைக்கூத்தாடியும் சேர்ந்த ஓர் ஆள் வேண்டும் என்று கால்மஸ் பிற்காலத்தில் நகைச்சுவையாக எழுதினார்.

எனவே ஒளியைத் திரையில் கலக்கும் வழியை விட்டுவிட்டு, சாயத்தைச் சுருளிலேயே ஏற்றும் வழிக்கு அவர்கள் மாறினார்கள். பேசும்படம் வந்த புதிதில், 1929, 1930 ஆண்டுகளில், பாட்டும் நடனமும் நிறைந்த படங்கள் இந்த இருநிற முறையில் வரிசையாக வந்தன. இரண்டே நிறம் என்றால் என்ன பொருள்? சிவப்பு வரும், பச்சை வரும், முகத்தின் நிறமும் ஓரளவு வரும். தூய நீலம் வராது.

1930-இல் யுனிவர்சல் நிறுவனம் பால் வைட்மனின் இசைக்குழுவை வைத்து 'கிங் ஆஃப் ஜாஸ்' என்ற படத்தை எடுத்தது. தனித்தனி இசைக் காட்சிகளைச் சரமாகத் தொடுத்த படம் அது. அதன் முக்கியக் காட்சி கெர்ஷ்வின் இயற்றிய 'ராப்சடி இன் புளூ'. பெயரிலேயே நீலம், படச்சுருளிலோ நீலம் இல்லை! இயக்குநரும் கலை இயக்குநரும் துணிகளையும் சாயங்களையும் சோதித்துப் பார்த்து, சாம்பலும் வெள்ளியும் கலந்த பின்னணியைத் தேர்ந்தெடுத்து, பச்சை கலந்த ஒரு நீலச்சாயலை வரவழைத்தார்கள். நீலமென்று எண்ணிக்கொண்டு பார்த்தால் நீலமாகத் தெரியும். குறையை வைத்துக்கொண்டு அழகு செய்த அவர்கள் திறமையை மெச்சத்தான் வேண்டும். ஆயினும் மக்கள் சலித்துவிட்டார்கள். பொருளாதாரப் பெருமந்தமும் சேர்ந்துகொண்டது. வண்ணப்படத்திற்கு வேலை கொடுப்பார் இல்லாத நிலை வந்தது.

மூன்று சுருளும் நான்கு மையும்

அந்த நெருக்கடியிலும் நிறுவனம் ஆய்வை நிறுத்தவில்லை. 1932-இல் மூன்று நிறக் காமிரா தயாராயிற்று. அதன் உள்ளமைப்பு நாம் ஒளியியல் வகுப்பில் படிப்பதுதான். இரண்டு செங்கோண முப்பட்டகங்களின் சாய்ந்த முகங்களை ஒட்டிச் செய்த கண்ணாடிக் கட்டி லென்சுக்குப் பின்னால் இருக்கும். ஒட்டிய முகத்தில் மெல்லிய உலோகப் பூச்சு. ஒளியில் ஒரு பகுதி நேரே சென்று பச்சை வடிகட்டியைக் கடந்து ஒரு சுருளில் பதியும். மறுபகுதி பக்கவாட்டில் திரும்பி, முகத்தோடு முகம் ஒட்டி ஓடும் இரண்டு சுருள்களில் விழும். முன் சுருள் நீலத்தை மட்டும் உணரும். அதிலுள்ள செந்நிறப் பூச்சு மிச்ச நீலத்தைத் தடுத்துவிட, பின் சுருளில் சிவப்பு மட்டும் பதியும். ஒரே கணம், ஒரே லென்ஸ், மூன்று பதிவுகள்.

படம் எடுத்தாகிவிட்டது, பிரதி எடுப்பது எப்படி? இதை விளக்க நான் எங்கள் ஊருக்கு வர வேண்டும். எங்கள் ஊர் சிவகாசி. எங்கள் வீட்டில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள் நான். அப்பா எட்டாம் வகுப்போடு நிறுத்திவிட்டு அச்சகத்திற்குப் போனவர். ஆப்செட் மிஷின் ஓட்டுகிறார். அம்மா காலண்டர்களுக்குத் தகரப் பட்டை அடிக்கும் வேலை செய்கிறார். அப்பா தொழில் பழகிய காலத்து மிஷின் ஒரு நேரத்தில் ஒரு நிறத்தை மட்டுமே அடிக்கும். மஞ்சள், மெஜந்தா, சயான், கறுப்பு என்று அதே தாள் நான்கு முறை மிஷினுக்குள் போய்வரும். நான்கு பதிவும் ஒரே இடத்தில் விழுந்தால்தான் படம். தாளின் ஓரத்தில் உள்ள சிலுவைக் குறிகளை லென்ஸ் வைத்துப் பார்த்துச் சரிசெய்வார்கள்.

விடுமுறையில் ஒருநாள் சாப்பாடு கொண்டுபோனபோது அப்பா அந்த லென்ஸை என் கையில் கொடுத்துப் பார்க்கச் சொன்னார். "கலரு மயிரிழை விலகுனாப் போதும்மா, முருகனுக்கு ரெண்டு உதடு ஆயிரும்" என்றார். கினமாகலரின் சிவப்பு விளிம்பையும் பச்சை விளிம்பையும் அதைவிடத் தெளிவாக எந்த நூலும் எனக்குச் சொல்லவில்லை.

டெக்னிகலர் நிறுவனம் செய்ததும் இதே வேலைதான். மூன்று பதிவுகளிலிருந்தும் மூன்று ஜெலட்டின் அச்சுச் சுருள்கள் செய்வார்கள். அவற்றில் பிம்பம் மேடும் பள்ளமுமாக இருக்கும். மேடான இடம் சாயத்தை மிகுதியாகக் குடிக்கும். பச்சைப் பதிவின் அச்சு மெஜந்தா சாயத்தில் தோயும். ஏனெனில் பச்சை ஒளி இல்லாத இடத்தில் பச்சையை விழுங்கும் சாயமே வேண்டும். அவ்வாறே சிவப்புப் பதிவுக்குச் சயான். நீலப் பதிவுக்கு மஞ்சள். சாயம் குடித்த அச்சை வெற்றுச் சுருளோடு அழுத்தினால் சாயம் அதில் இறங்கும். பற்கள் வைத்த உலோகப் பட்டை இரண்டு சுருள்களையும் விலகாமல் பிடித்துக்கொள்ளும். இப்படி ஒன்றன்பின் ஒன்றாக மூன்று முறை. தொடக்க காலத்தில் நிழலும் விளிம்பும் தெளிவாகத் தெரிய, அடியில் மெல்லிய சாம்பல் நிறப் பிம்பம் ஒன்றையும் வைத்தார்கள். இதை நான் வீட்டில் விளக்கியபோது அப்பா கேட்ட முதல் கேள்வி, "அப்ப அவங்களுக்கும் நாலாவது கறுப்புதானா?" என்பதே. எட்டாம் வகுப்பு படித்தவர் கேட்ட கேள்வி அது. ஹாலிவுட்டின் தொழில் மறைபொருள் என்று நான் வியந்து படித்ததை, அவர் முப்பது ஆண்டுகளாகக் கையால் செய்துகொண்டிருக்கிறார்.

மரங்கள் ஆடின

புதிய காமிரா வந்தும் பெரிய நிறுவனங்கள் துணியவில்லை. துணிந்தவர் கார்ட்டூன் படம் எடுத்துக்கொண்டிருந்த வால்ட் டிஸ்னி. பாட்டிற்கேற்பப் படம் வரையும் 'சில்லி சிம்பனி' என்னும் வரிசையில் 'பூக்களும் மரங்களும்' என்ற படத்தைக் கறுப்பு வெள்ளையில் அவர் தொடங்கியிருந்தார். செலவை எண்ணி அவர் அண்ணன் ராய் தயங்கினார். டிஸ்னியோ எடுத்தவற்றை ஒதுக்கிவிட்டு, வண்ணத்தில் முதலிலிருந்து எடுக்கச் சொன்னார்.

கதை சிறியது. இரண்டு இளமரங்கள் காதலிக்கின்றன. பொறாமை கொண்ட பட்டமரம் காட்டுக்குத் தீ வைக்கிறது. பறவைகள் மேகத்தைக் குத்தி மழை பெய்விக்கின்றன. இறுதியில் திருமணம். ஷூபர்ட், மென்டல்சன் போன்றோரின் இசைக்கு மரங்கள் ஆடுகின்றன. ஆனால் இச்சிறு கதையில் சோதனைக்குத் தேவையான அனைத்தும் இருப்பதைக் கவனியுங்கள். இலைக்குப் பச்சை, தீக்குச் சிவப்பு, வானுக்கு நீலம்! இருநிற முறைக்கு எட்டாத நீலம் இங்கு மழையோடு வந்துவிட்டது. 1932 ஜூலையில் வெளியான இப்படம், கார்ட்டூன் குறும்படங்களுக்கென அவ்வாண்டு முதன்முதலாக ஏற்படுத்தப்பட்ட ஆஸ்கர் பரிசைப் பெற்றது. கார்ட்டூன் துறையில் மூன்று நிற முறையை 1935 வரை தாம் மட்டுமே பயன்படுத்த டிஸ்னி உரிமை பெற்றார். மற்றவர்கள் இருநிற முறைகளோடு மல்லாட வேண்டியதாயிற்று.

இருபது நிமிடப் பரீட்சை

வரைந்த மரம் அசையாமல் நிற்கும், விளக்கொளியில் வியர்க்காது. உயிருள்ள மனிதரை எடுப்பது வேறு கதை. டெக்னிகலருக்கு மிகக் கடுமையான ஒளி வேண்டும். காமிராவோ ஒலியை அடக்கும் கூட்டோடு சேர்ந்து பெரும் பெட்டி. 1934-இல் சில முயற்சிகள் அடுத்தடுத்து நடந்தன. எம்.ஜி.எம். நிறுவனம் ஓர் இசைப் படத்தின் இறுதிக் காட்சியை மட்டும் வண்ணத்தில் எடுத்தது. வார்னர் நிறுவனம் இசைக் குறும்படங்களை எடுத்தது. ஆனால் அனைவரும் திரும்பிப் பார்த்தது 'லா குகராச்சா' என்ற 20 நிமிடப் படத்தை. பயனியர் பிக்சர்ஸ் எடுத்த அப்படத்தை லாயிட் காரிகன் இயக்கினார்.

மெக்சிகோவின் ஓர் உணவு விடுதி. ஒரு நடனப் பெண், அவள் காதலன், வாய்ப்புத் தரக்கூடிய ஒரு கொட்டகை முதலாளி. கதை இவ்வளவே. செலவு ஏறத்தாழ 65,000 டாலர். அக்காலக் குறும்படம் ஒன்றுக்கு அது பன்மடங்கு அதிகம். பணம் கதைக்காகச் செலவானதன்று, சோதனைக்காக. நாடக மேடையில் புகழ்பெற்ற ராபர்ட் எட்மண்ட் ஜோன்ஸ் வண்ண அமைப்பாளராக இருந்தார். நிறம் அலங்காரம் மட்டுமன்று, உணர்ச்சியைச் சொல்லும் மொழி என்பது அவர் கொள்கை. ஒருவருக்குச் சினம் ஏறும்போது முகத்தில் சிவப்பு விளக்கு ஏறுகிறது. இன்று பார்த்தால் நமக்குச் சற்றுச் சிரிப்பு வரலாம். நம் தெருக்கூத்தில் செம்முகத்திற்கும் பச்சை முகத்திற்கும் தனித்தனிப் பொருள் உண்டென்று அறிந்தவர்க்கு அவ்வளவு சிரிப்பு வராது. இப்படமும் ஆஸ்கர் பரிசு பெற்றது. அதன் துணிவில் அதே நிறுவனத்தார் 1935-இல் 'பெக்கி ஷார்ப்' என்ற முதல் முழுநீள மூன்று நிறப் படத்தை வெளியிட்டார்கள். அதன் பிறகே 1939-இன் 'விசார்ட் ஆஃப் ஆஸ்', 'கான் வித் த விண்ட்' எல்லாம்.

காமிரா இல்லாமல் ஒரு படம்

பணமுள்ளவர் மட்டுமே சோதனை செய்தார்கள் என்று எண்ண வேண்டாம். நியூசிலாந்தில் பிறந்து லண்டனில் வாழ்ந்த லென் லை என்ற கலைஞருக்குக் காமிராவுக்கும் படப்பிடிப்புக்கும் செலவிட வழியில்லை. அவர் வெற்றுச் சுருளின் மேலேயே கோடும் புள்ளியும் வண்ணமும் தீட்டிக் கியூப நாட்டு நடன இசையோடு சேர்த்தார். பிரிட்டிஷ் அஞ்சல் துறையின் படப்பிரிவு 1935-இல் அதை வெளியிட்டது. சில நிமிடங்களே ஓடும் அப்படத்தின் இறுதியில் பார்சல் கட்டண விளம்பரம் வரும்! பாரிஸ் பெண்களின் தூரிகை நாற்பது ஆண்டு கழித்து மீண்டும் வந்துவிட்டது.

ஜெர்மனியில் ஆஸ்கர் ஃபிஷிங்கர் வட்டங்களையும் கனசதுரங்களையும் இசைக்கேற்ப ஆடவைத்தார். பேலா காஷ்பர் கண்டுபிடித்த காஷ்பர்கலர் முறையில் அவர் எடுத்த 'நீலத்தில் ஓர் அமைப்பு' 1935-இல் வந்தது. நாஜி ஆட்சி உருவமற்ற கலையை இழிந்ததென்று ஒதுக்கிய காலம் அது. முன்னதாக 1933-இல் அவர் செய்த வட்டங்களின் படம் விளம்பரப் படம் என்ற பெயரில்தான் வெளிவர முடிந்தது. 1936-இல் அவர் நாட்டை விட்டு அமெரிக்கா சென்றார். சின்னப் படத்தில் சோதனை செய்யலாம். ஆனால் ஆட்சியாளர் கண்ணுக்கு எதுவும் சின்னதன்று என்பதற்கு இது சான்று.

நம் திரையில்

தமிழ்த் திரையும் இவ்வழியே வந்தது. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸின் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' 1956-இல் கேவாகலரில் முழுநீள வண்ணப்படமாக வெளிவந்தது. ஆயினும் அதன் பிறகும் பகுதி வண்ணமே பலருக்குக் கட்டுபடியாயிற்று. 1958-இன் 'நாடோடி மன்னன்' கறுப்பு வெள்ளையில் தொடங்கி வண்ணத்தில் முடிகிறது. 1959-இன் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' கேவாகலரில் எடுக்கப்பட்டு, லண்டனில் டெக்னிகலர் பிரதிகளாக்கப்பட்டது. மேலே சொன்ன சாய அச்சு முறை அப்படியாக நம் ஊர்க் கொட்டகைகளுக்கும் வந்து சேர்ந்தது.

1950-க்குப் பின் ஒரே சுருளில் மூன்று நிறமும் பதியும் ஈஸ்ட்மன்கலர் பரவியது. மூன்று சுருள் காமிரா 1950-களின் நடுவில் ஓய்ந்தது. சாய அச்சுப் பிரதிகளும் ஹாலிவுட்டில் 1970-களின் நடுவில் நின்றன. ஆனால் எளிதாக வந்த ஈஸ்ட்மன்கலரின் பழைய பிரதிகள் பல வெளிறிச் செந்நிறமாகிவிட, கைவேலை போல் மூன்று முறை அச்சடித்த டெக்னிகலர் பிரதிகள் இன்றும் நிறம் மங்காமல் இருக்கின்றன.

ஏன் பாட்டு? ஏன் சிறுபடம்?

பாட்டில் யாரும் தருக்கம் பார்ப்பதில்லை. ஆடை மஞ்சளிலிருந்து சிவப்பாக மாறினால் கதை கெட்டுவிடாது. எனவே புது நிறத்திற்கு அங்கே இடமுண்டு. நடனத்தில் உடல் விரைந்து அசைவதால் பொருத்தத்தின் பிழை உடனே தெரிந்துவிடும்; எனவே அது கண்டிப்பான தேர்வாளர். சிறுபடம் தோற்றால் இழப்பும் சிறிது. இம்மூன்று காரணங்களையும் சேர்த்துப் பார்த்தால், பெரிய நிறுவனங்கள் அஞ்சியதைச் சிறுபடங்கள் ஏன் செய்தன என்பது விளங்கும்.

இதில் நமக்கும் ஒரு செய்தி உண்டு. ஆய்வு என்றால் பெரிய கருவியும் பெரிய கல்லூரியும் வேண்டும் என்று நம்மில் பலர் நினைத்துக்கொண்டிருக்கிறோம். மேக்ஸ்வெல்லின் சோதனைக்கு இன்று மூன்று டார்ச் விளக்கும், சிவப்பு, பச்சை, நீலக் கண்ணாடித் தாளும், ஒரு வெள்ளைச் சுவரும் போதும். நம் இயற்பியல் ஆய்வகத்தின் சாளரங்களை மூடினால் அடுத்த அறிவியல் கண்காட்சியிலேயே அதைச் செய்துவிடலாம். துறைப் பேராசிரியர்களிடம் எனக்கு இன்னொரு வேண்டுகோளும் உண்டு. அந்த மேசைக்குப் பக்கத்தில் நான்கு மை அச்சுத் தாள்களையும் ஒரு லென்ஸையும் வைப்போம். அவற்றை விளக்க அச்சகத்தில் வேலை செய்யும் நம் தந்தையரில் ஒருவரை அழைப்போம். என் அப்பாவிடம் கேட்டுவிட்டேன். ஞாயிற்றுக்கிழமையாக இருந்தால் வருவதாகச் சொல்லியிருக்கிறார்.